தவிப்பு வைத்த இரும்பு

இரும்புக்குத் தண்ணீரைக் காட்ட வேண்டும், கொடுக்கக் கூடாது. தவிப்பு வைப்பது என்றால் அவ்வளவுதான். சொல்ல ஒரு வரி, செய்ய ஒரு பகல் முழுக்க வேண்டும்.

மற்ற பட்டறைகளில் பழுத்த இரும்பைத் தொட்டியில் முக்குவார்கள். சுர்ரென்று ஆவி கிளம்பும், இரும்பு இறுகும். நான் வேலை பார்த்த பட்டறையில் ஆழ்துளைக் கிணறு துளைக்கும் பிட்டு என்கிற முனையைப் பழுக்க வைத்து, குறட்டில் கவ்வித் தொட்டித் தண்ணீருக்கு ஒரு சாண் மேலே நிறுத்துவார்கள். ஈரக்காற்று பட்டதும் இரும்பு கீழ்நோக்கி இழுக்கும், கயிற்றில் கட்டிய கன்றுக்குட்டி கழனித் தண்ணீரைக் கண்டு இழுப்பது போல. அந்த இழுவை மணிக்கட்டில் தெரிந்ததும் தூக்கிவிட வேண்டும். திரும்ப உலையில் வைத்து, திரும்பத் தொட்டிக்குக் கொண்டுவந்து, திரும்பத் தூக்க வேண்டும். குறட்டைப் பிடிக்கிறவர் முந்தின நாள் விடிந்ததிலிருந்து ஒரு சொட்டுத் தண்ணீர் குடித்திருக்கக் கூடாது. அவருடைய தாகம் குறட்டின் வழியாக இரும்புக்குள் போகும். பொழுது சாயும்போது இரும்பு தவிக்கும், அவருக்குத் தாகம் இருக்காது.

திருச்செங்கோட்டிலிருந்து சங்ககிரி போகும் சாலையில், ஊர் முடிந்து லாரி பாடி கட்டும் ஷெட்டுகள் தொடங்குகிற இடத்தில் அந்தப் பட்டறை இருந்தது. போர் போடும் ரிக் வண்டிக்காரர்கள் புதுப் பிட்டு வாங்கினால் நேராக அங்கே கொண்டு வருவார்கள். நான் ஒரு வருஷத்துக்குக் கொஞ்சம் கூடுதலாக அங்கே இருந்தேன். என் கணக்கில் அது நீண்ட காலம்.

எட்டாவதோடு படிப்பை விட்டேன். எடப்பாடியில் தறி ஓட்டினேன். இரண்டு தறிகளுக்கு நடுவில் படுத்துத் தூங்கிப் பழகியதால் பிறகு அமைதியான இடத்தில் தூக்கம் வராமல் போனது. நாமக்கல்லில் முட்டை லோடு ஏற்றினேன். அட்டை அடுக்கும்போது கைக்குப் பழக்கம் வரும் வரை சம்பளத்தில் பாதி உடைந்த முட்டைக்குப் போகும். சமைத்தால் சாப்பாட்டுச் செலவு மிச்சம் என்று உடைந்ததையே சாப்பிட்டு உடம்பெல்லாம் சொறி வந்தது. அப்புறம் ரிக்கில் ஆள் வேலை. ராடு மாட்டுவது, கழற்றுவது, கல்மாவை முகத்திலிருந்து துடைப்பது. வடக்கே மூன்று மாநிலம் பார்த்தேன். எல்லா இடத்திலும் ஒரே பாறைதான். மாவு நெஞ்சில் இறங்கி இருமல் நிற்காமல் போனபோது, ஒரு நாள் பிட்டை இறக்கி வைக்க இந்தப் பட்டறைக்கு வந்தவன் திரும்ப வண்டியில் ஏறவில்லை. வண்டியும் எனக்காக நிற்கவில்லை. உலைக்குக் கரி போடவும் காற்றுக்கு மோட்டாரைக் கூட்டிக் குறைக்கவும் ஆள் தேவைப்பட்டது. இருந்துகொண்டேன்.

பட்டறைக்காரருக்கு ஐம்பது வயது இருக்கும். நான் அவரை அண்ணன் என்றும் அவர் மனைவியை அக்கா என்றும் கூப்பிட்டேன். இங்கேயும் அப்படியே எழுதிக்கொள்கிறேன். பிள்ளைகள் இல்லை. அண்ணன் ஆள் ஒல்லி, ஆனால் தாகம் பெரியது. சாதாரண நாளில் பெரிய செம்பு நிறையத் தண்ணீரை அண்ணாந்து மூச்சு விடாமல் இறக்குவார். தொண்டை ஏறி இறங்குவதைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். இந்த வேலைக்கு முதல் தகுதியே அதுதான். எனக்கு அது கிடையாது. நான் ஒட்டகம் மாதிரி, ஒரு நாள் குடிக்காமல் இருந்தாலும் பெரிதாகத் தெரியாது. ஒருமுறை ஆசைப்பட்டுக் குறட்டைப் பிடித்துப் பார்த்தேன். இரும்பு அசையக்கூட இல்லை. "உன்ற தாகத்த வெச்சு ஒரு ஆணிக்குக்கூடத் தவிப்பு வெக்க முடியாது சாமி" என்றார் அண்ணன்.

தவிப்பு வைத்த பிட்டு தண்ணீரைக் கொண்டுவராது. இதை ரிக்காரர்கள்கூடச் சில பேர் தப்பாகப் புரிந்து வைத்திருந்தார்கள். இந்தப் பக்கப் பாறையில் தண்ணீர் விரிசலில்தான் நிற்கும். நேராக இறங்குகிற பிட்டு ஒரு கை அகலத்தில் அந்த விரிசலைத் தவற விட்டுவிடும், குழி வறண்டு போகும். தவிப்பு வைத்தது, சுழலும்போது ஈரம் இருக்கிற பக்கம் ஒரு துளி சாயும். அந்தத் துளிச் சாய்வுதான் அதன் வேலை. பக்கத்தில் ஈரமே இல்லையென்றால் சாயாது. சுழலாமல் கிடந்தால் எந்த இரும்பும் போல அதுவும் இரும்புதான், தவிப்பு மட்டும் உள்ளே இருக்கும்.

கொடுத்த தாகம் திரும்பி வரவும் வழி இருந்தது. போரில் தண்ணீர் வந்தால் முதலில் பொங்கும் தண்ணீரை ஒரு கேனில் பிடித்துப் பட்டறைக்குக் கொண்டுவந்துவிட வேண்டும். எவ்வளவு தூரமானாலும் சரி, ஏதாவது ஒரு லாரிக்காரர் கையில் வந்து சேரும். இரும்பு குடித்த அந்தத் தண்ணீரில் அண்ணன் ஒரு வாய் குடித்தால் தாகம் அவருக்குத் திரும்பும். தண்ணீர் வராத போர் என்றால் பிட்டைக் கழற்றிக்கொண்டு வருவார்கள். அதைத் தொட்டியில் போட்டு ஊற வைத்து, தொட்டித் தண்ணீரை மொண்டு குடிப்பார். அதனால் வறண்ட போரால் அண்ணனுக்குக் கேடு எதுவும் இல்லை.

ஆனால் பட்டறைக்குள் யாரும் 'தண்ணீர் இல்லை' என்று சொல்ல மாட்டார்கள். அது வழக்கம். வறண்டு போயிருந்தால் வருகிறவர் பேசாமல் பிட்டைத் தொட்டிக்குள் இறக்கிவிட்டு, கையை உதறிவிட்டு, வெயிலைப் பற்றி ஏதாவது சொல்லுவார். அக்கா டீ வைப்பார். கேனோடு வந்தால் உட்கார்ந்து தண்ணீர் எவ்வளவு உயரம் பீய்ச்சியது என்று பெருமை அடிப்பார்கள். கையில் கேன் இருக்கும், இல்லையென்றால் பிட்டு இருக்கும். வெறுங்கையோடு யாரும் வந்ததில்லை.

இடைப்பட்ட நாட்களில் அண்ணனைத் தண்ணீர் குடிக்க வைப்பது அக்காவின் வேலை. தாகம் இல்லாத ஆள் குடிக்க மறந்துவிடுவார். சங்ககிரி பஸ் போகும்போதெல்லாம் அக்கா ஒரு டம்ளரை நீட்டுவார். அவரும் மருந்து போலக் குடித்துவிடுவார். ரிக்காரர்கள் இதைப் பார்த்துச் சிரிப்பார்கள்.

"ஆசாரிக்கு ஊத்தறதுக்குன்னே தனியா ஒரு போரு போடோணுமுங்க்கா."

"போடு சாமி, உன்ற வண்டிலயே போடு. தண்ணி வல்லீன்னா உன்னையே உள்ள எறக்கறேன்."

அந்தக் கோடையில் கெங்கவல்லிப் பக்கம் ஒரு போருக்கு என்று பிட்டு ஒன்று வந்தது. கொண்டுவந்தவர் ஒரு ரிக் வண்டியின் மேனேஜர். மேனேஜர் என்றால் வண்டியோடு போய், இடம் பார்த்து, ஆட்களை மேய்த்து, விவசாயியிடம் பேசுகிறவர். இவர் பேச்சிலேயே பாறையை உடைக்கிறவர் என்று பெயர் வாங்கியவர். அண்ணன் தவிப்பு வைத்துக் கொடுத்தார். ஒரு வாரம் கழித்து மேனேஜர் கேனோடு வந்தார்.

"நல்ல தண்ணிங்ண்ணா, குடிங்" என்றார். உட்காரவில்லை. டயர் மாற்ற வேண்டும் என்று போய்விட்டார்.

அண்ணன் டம்ளரில் ஊற்றிக் குடித்தார். வழக்கமாக முதல் வாய் இறங்கியதும் கண்ணை மூடுவார், அப்புறம் கேனையே தூக்கி அண்ணாந்துவிடுவார். அன்றைக்குப் பாதியில் டம்ளரைக் கீழே வைத்தார்.

"என்னுங்?" என்றார் அக்கா.

"குடிச்சாச்சு."

சில சமயம் தாகம் மெதுவாக வரும், நாளைக்கு வந்துவிடும் என்று பேசிக்கொண்டார்கள். நாளைக்கு வரவில்லை, அதற்கு அடுத்த நாளும் வரவில்லை. முன்பெல்லாம் கேன் வர மாதக்கணக்கில் ஆனதும் உண்டு. அப்போதெல்லாம் பஸ் டம்ளரை வைத்துச் சமாளித்திருக்கிறார்கள். இந்த முறை உடம்பே தண்ணீரை வாங்க மறுத்தது. வாயில் ஊற்றியது கடைவாயில் வழிந்தது. டம்ளரைக் கையில் கொடுத்தால் பிடித்துக்கொண்டே இருப்பார், கொஞ்ச நேரத்தில் அதை எங்கேயாவது வைத்துவிடுவார். "தண்ணியப் பாத்தா செவுத்தப் பாக்கறாப்பல இருக்குது" என்று என்னிடம் சொன்னார். வருத்தமாகச் சொல்லவில்லை. அவருக்கு எந்தக் குறையும் தெரியவில்லை, அதுதான் விஷயம். உதடு வெடித்தது. தோலைக் கிள்ளினால் கிள்ளியபடியே நின்றது. ஒரு மத்தியானம் உலைக்கு முன்னால் சாய்ந்துவிட்டார். நானும் அக்காவும் ஆட்டோவில் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனோம்.

"ஒரு நாளைக்கு எவ்வளவு தண்ணி குடிப்பாரு?" என்று கேட்டது அங்கிருந்த நர்ஸ் பெண்.

"அதையக் கேக்கத்தானுங்க இங்க வந்திருக்கறோம்" என்றார் அக்கா.

குளுக்கோஸ் ஏற்றினார்கள், எழுந்து உட்கார்ந்தார். கிட்னி இப்படியே தாங்காது, தினமும் ஏற்றிக்கொண்டிருக்கவும் முடியாது என்று டாக்டர் சொன்னார். வீட்டுக்குக் கூட்டி வந்தோம்.

மறுநாள் அக்கா பெஞ்சுக்கு அடியில் கூட்டும்போது கெங்கவல்லிக் கேனை இழுத்தார். பாதித் தண்ணீர் அப்படியே இருந்தது. அதை வாசலுக்குக் கொண்டுபோய் வெயிலுக்கு நேராகத் தூக்கிப் பிடித்தார். கொஞ்ச நேரம் பார்த்தார். ஆட்டிவிட்டு மறுபடியும் பார்த்தார். அப்புறம் உள்ளே வந்து போனை எடுத்து மேனேஜரை வரச் சொன்னார். ஏன் என்று சொல்லவில்லை.

மேனேஜர் வந்தார். அக்கா கேனை அவர் முன்னால் வைத்தார்.

"இதுல கல்லு மாவு எங்க சாமி?"

"தெளிஞ்சிருக்குமுங்க்கா."

"தெளிஞ்சா அடீல நிக்கோணுமல்லொ. எங்க நிக்குது, காட்டு."

போரில் முதலில் வருகிற தண்ணீர் மோர் போல வெள்ளையாகத்தான் வரும். ரிக்கில் இருந்த எல்லோருக்கும் அது தெரியும். மேனேஜர் கேனை வாங்கி, சாய்த்து, தேடினால் கிடைத்துவிடும் என்பது போல உள்ளே எட்டிப் பார்த்தார்.

"பிட்டு எங்க?" என்றார் அக்கா.

மேனேஜர் இரும்பு அடிக்கும் பட்டடைக்குப் பக்கத்தில் இருந்த மரக்கட்டையில் உட்கார்ந்துவிட்டார். "உள்ள கெடக்குதுங்க்கா. ராடு முறிஞ்சு போச்சு. கொக்கி போட்டுப் பாத்தோம், மேல வல்லீங்."

"தண்ணி?"

பட்டறைக்குள் அதைச் சொல்ல முடியாது. மேனேஜர் தரையைப் பார்த்தார்.

"அதைய வந்து சொல்லறதுக்கு என்ன?"

"வெறுங்கையோட எப்படீங்க்கா வாறது? இந்தப் பட்டறைக்கு வெறுங்கையோட ஆராச்சும் வந்திருக்கறாங்களா, நீங்களே சொல்லுங்."

அக்கா திட்டவில்லை. அவர் கேட்டது உண்மைதான், யாரும் வந்ததில்லை. பெஞ்சில் படுத்திருந்த அண்ணன் தலையைத் திருப்பினார்.

"எனக்கு என்ன தண்ணியப்பா குடுத்த?"

"ஆத்தூருல டீக்கடைத் தண்ணீங்ண்ணா."

"ஏலக்கா வாசம் வந்துச்சேன்னு பாத்தேன்."

அக்கா சிரித்துவிட்டார். சிரித்துக்கொண்டே முந்தானையால் முகத்தைத் துடைத்தார். மேனேஜருக்குத்தான் சிரிப்பு வரவில்லை.

இரும்பு உள்ளே தவித்துக்கொண்டு கிடக்கிறது, அதற்குத் தண்ணீர் கொடுத்தால் போதும். கொண்டுவர முடியாது என்றால் நாம்தான் போய்க் கொடுக்க வேண்டும். அக்கா இதைச் சொன்னபோது எனக்குச் சாதாரணமாகத்தான் பட்டது. மேனேஜரின் பிக்கப் வண்டியில் மறுநாள் காலையில் கிளம்பினோம். அண்ணனும் அக்காவும் முன்னால், நான் பின்னால் வெறும் கேனோடு. சேலத்தைச் சுற்றிக்கொண்டு போய் வாழப்பாடியில் டீ குடிக்க நிறுத்தினோம். அண்ணன் டீ கிளாஸை வாங்கி, சூடு ஆறும் வரை கையில் வைத்திருந்து, அப்படியே திருப்பிக் கொடுத்தார். கடைக்காரர் டீயில் ஏதாவது விழுந்துவிட்டதா என்று பார்த்தார். ஆத்தூரில் மேனேஜர் ஒரு தண்ணீர் டேங்கர்காரரிடம் போனில் பேசி, வழி சொல்லி, பின்னால் வரச் சொன்னார்.

அந்தத் தோட்டம் கெங்கவல்லிக்கு வெளியே இருந்தது. பாக்கு மரங்கள் உச்சி மஞ்சளாகித் தொங்கின. வீடு, வீட்டுக்குக் கிழக்கே ஓட்டு மாட்டுக் கொட்டகை, வீட்டுக்கு முன்னால் போர்க் குழி. குழியின் வாயில் ஒரு இரும்பு மூடி போட்டு, மேலே ஆட்டுக்கல்லை வைத்திருந்தார்கள். தோட்டக்காரருக்கு நாற்பது வயதுக்குள்தான் இருக்கும். மேனேஜரைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. அது எனக்கு ஆச்சரியமாக இருந்தது. வறண்ட போர் போட்டுவிட்டுப் போன ஆளை யாரும் அப்படி வரவேற்று நான் பார்த்ததில்லை.

அவர் மனைவி ஒரு செம்பில் தண்ணீர் கொண்டுவந்து அண்ணனிடம்தான் முதலில் கொடுத்தார், வயதில் பெரியவர் என்பதால். அண்ணன் வாசலில் கிடந்த கட்டிலில் உட்கார்ந்தபடியே வாங்கி, பக்கத்தில் வைத்துக்கொண்டார். நாங்களெல்லாம் குடித்தோம். அந்தப் பெண் செம்பைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

அக்கா வந்த காரியத்தைச் சொன்னார். சொல்லி முடிப்பதற்குள் தோட்டக்காரர் எழுந்துவிட்டார்.

"தண்ணி ஊத்தறதா? அதுல ஊத்தக் கூடாதுங்க."

"ஏனுங்க?"

"மேனேஜரு சொல்லிட்டுத்தான போனாரு? பிட்டு கீழ தவிச்சுக்கிட்டே கெடக்கும், எங்க ஈரம் இருந்தாலும் இழுத்துக்கிட்டு வந்துரும், ஆறு மாசம் பொறுத்துப் பாருன்னு. தெனம் காலைல மூடியத் தெறந்து காது வெச்சுக் கேட்டுக்கிட்டு இருக்கேன். நீங்க அதுக்கு ஊத்திட்டீங்கன்னா அது தவிக்கறத நிறுத்திரும். அப்புறம் எனக்கு என்னா இருக்குது?"

எல்லோரும் மேனேஜரைப் பார்த்தோம். அவர் பாக்கு மரங்களைப் பார்த்தார். பட்டறையில் சொல்லக் கூடாததைத் தோட்டத்திலும் சொல்லாமல் விட்டிருக்கிறார் என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது.

"எங்க ஊட்டுக்காரருக்கு உசுருங்க" என்றார் அக்கா.

"இந்த மரமெல்லாம் எங்களுக்கு உசுரில்லையா?" என்றார் தோட்டக்காரரின் மனைவி. பிறகு செம்பைக் காட்டினார். "அது போவட்டும். எங்க வீட்டுத் தண்ணியக்கூடத் தொட மாட்டேங்கறாரு, எங்ககிட்ட வந்து உசுருன்னா என்னா அர்த்தம்?"

வந்த வீட்டில் தண்ணீரை வேண்டாம் என்று ஒதுக்கினால் அது எங்கே போய் நிற்கும் என்று எல்லோருக்கும் தெரியும். அக்கா அண்ணன் பக்கம் திரும்பி, "ஏனுங், ஒரு வாய் குடிங்" என்றார். அண்ணன் செம்பைத் தூக்கினார். வாயில் ஊற்றினார். தொண்டை அசையவில்லை. கொஞ்ச நேரம் கன்னத்தில் நின்றது, பிறகு தாடை வழியாகச் சட்டையில் இறங்கியது. அவர் அதைத் துடைக்கக்கூட இல்லை. செம்பைக் கட்டிலின் அடியில் வைத்துவிட்டு அந்தப் பெண்ணைப் பார்த்து, "கோவிச்சுக்காதம்மிணி. வாய்க்குள்ள என்ன இருக்குதுன்னே தெரியறதில்ல" என்றார்.

தோட்டக்காரர் அண்ணனுக்கு முன்னால் குந்தி உட்கார்ந்தார்.

"தவிப்பு வெச்ச ஆளு நீங்கதான? நீங்களே சொல்லுங்க. இழுத்துக்கிட்டு வருமா, வராதா?"

அண்ணன் நினைத்திருந்தால் வேறு மாதிரி சொல்லியிருக்கலாம். வரும், ஆனால் முதலில் ஒரு தடவை ஊற்ற வேண்டும் என்று சொல்லியிருந்தால் அந்த மனிதர் அப்போதே மூடியைத் திறந்திருப்பார். மேனேஜர் அப்படித்தான் ஏதோ சொல்லவும் வாயெடுத்தார். அக்கா அவர் கையைப் பிடித்து நிறுத்தினார்.

"வராதுங்க" என்றார் அண்ணன். "சுத்துனாத்தான் அது சாயும். கெடந்தா கெடக்கறதுதான். இந்தக் குழீல தண்ணி இல்லீங்க."

அந்த வாக்கியத்தைப் பட்டறை ஆட்கள் யார் வாயிலிருந்தும் நான் கேட்டதில்லை. அண்ணனும் சொன்னதில்லை என்று நினைக்கிறேன், சொல்லும்போது வார்த்தை தட்டியது. தோட்டக்காரர் குந்தியபடியே மண்ணைக் கிளறிக்கொண்டிருந்தார். டேங்கர் வந்து பாதையில் நின்று ஹாரன் அடித்தது.

அண்ணன் மேனேஜரிடம், "ராடு ஏம்ப்பா முறிஞ்சுது?" என்று கேட்டார்.

"தெரியலீங்ண்ணா. ஒரு பக்கமா இழுத்துக்கிட்டே போச்சு. அழுத்திப் புடிச்சோம், முறிஞ்சிருச்சு."

"எந்தப் பக்கம்?"

மேனேஜர் குழிக்குப் பக்கத்தில் போய் நின்று, வண்டி நின்ற திசையை நினைவுபடுத்திக்கொண்டு கையை நீட்டினார். கை மாட்டுக் கொட்டகையைக் காட்டியது.

"ராடு முறியற அளவுக்கு இழுத்துதுன்னா அந்தப் பக்கம் ஈரம் இருக்குதுன்னு அர்த்தம்" என்றார் அண்ணன். "இதைய அன்னைக்கே சொல்லியிருக்கலாமல்லொ?"

"ஆரும் கேக்கலீங்களேண்ணா."

தோட்டக்காரர் எழுந்தார். மேனேஜரை அடிப்பார் என்று நினைத்தேன். அவர் போய் ஆட்டுக்கல்லைப் புரட்டித் தள்ளி மூடியை எடுத்தார். "மொதல்ல பாக்கு மரத்துக்குப் பாதி வண்டி விடுங்க" என்றார். "மீதிய ஊத்திக்குங்க."

"தாராளமா விடுங்க" என்றார் அக்கா.

பாதித் தண்ணீர் வாய்க்காலில் போனது. பிறகு டேங்கரின் குழாயைக் குழிக்குள் விட்டார்கள். அதற்குள் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து ஆட்கள் வரப்பில் வந்து நின்றுவிட்டார்கள்.

"போர்லேருந்து தண்ணி எடுத்துப் பாத்திருக்கேன். போருக்குத் தண்ணி ஊட்டறத இன்னிக்குத்தான்யா பாக்கறேன்" என்றார் ஒருவர்.

"அதுக்குப் பால் பல்லு இன்னும் விழல போலிருக்கு" என்றார் இன்னொருவர்.

தோட்டக்காரர் அவர்கள் பக்கம் திரும்பவில்லை. தண்ணீர் இறங்கும் சத்தம் வெகு நேரம் வெறும் இரைச்சலாகத்தான் கேட்டது. பிறகு மாறியது. அடியில் எங்கேயோ யாரோ மூச்சு விடாமல் குடிப்பது போல மடக் மடக்கென்று வந்தது. எனக்கு அந்தச் சத்தம் தெரியும். பட்டறையில் தினம் கேட்ட சத்தம்தான், அண்ணனின் தொண்டை. வரப்பில் நின்றவர்கள் பேச்சை நிறுத்தினார்கள். டேங்கர்காரர் பயந்து குழாயை விடப் பார்த்தார், நான் போய்ப் பிடித்துக்கொண்டேன். கடைசிச் சொட்டும் இறங்கியது. குழாய் ஒருமுறை உறிஞ்சி அடங்கியது.

அண்ணன் கட்டிலில் அப்படியே உட்கார்ந்திருந்தார்.

அக்கா என்னைப் பார்த்தார். நான் கையிலிருந்த கேனைப் பார்த்தேன். இரும்பு குடித்த தண்ணீரில் ஒரு வாய் வேண்டும். அதைப் பிடிக்கத்தான் கேனைச் சுமந்து வந்தோம், பேச்சிலும் வேடிக்கையிலும் ஒருவரும் பிடிக்கவில்லை. அக்கா டேங்கருக்கு அடியில் போய்க் குழாயைத் தட்டிப் பார்த்தார். ஈரம் மட்டும் கையில் ஒட்டியது.

"கேனுக்கு இன்னைக்கும் ஒண்ணும் அமையல" என்றார் மேனேஜர். யாரும் சிரிக்காததால் வாயை மூடிக்கொண்டார்.

அக்கா டேங்கர்காரரிடம், "ஏனுங்க, இந்தத் தண்ணி எங்க புடிச்சது?" என்று கேட்டார்.

"நம்ம கெணறுதாங்க. இந்தப் பக்கம் எல்லா வீட்டுக்கும் நான்தான் ஊத்தறேன்."

"இவங்க ஊட்டுக்கும்?"

"நேத்துக்கூட ஊத்தினேனே."

அக்கா கட்டிலுக்கு வந்து குனிந்து செம்பை எடுத்தார். அதில் ஓர் எறும்பு மிதந்தது. விரலால் எடுத்துப் போட்டுவிட்டு அண்ணன் கையில் கொடுத்தார்.

அண்ணன் வாயில் ஊற்றினார். இந்த முறையும் கன்னத்தில் நின்றது. பிறகு தொண்டை ஒருமுறை ஏறி இறங்கியது. கண்ணை மூடினார். செம்பை அண்ணாந்து, கடைசி வரை இறக்கிவிட்டு, தோட்டக்காரரின் மனைவியைப் பார்த்து, "இன்னொரு செம்பு கெடைக்குமுங்களா அம்மிணி?" என்றார்.

அந்தப் பெண் உள்ளே போய்க் குடத்தையே இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தார். அண்ணன் குடித்தார். அக்கா கொட்டகைத் தூணில் சாய்ந்து நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அவர் வேறொன்றும் செய்யவில்லை. குடம் பாதிக்குக் கீழே போனதும், "அவங்களுக்குக் கொஞ்சம் வெய்யுங், அவங்களே வெலைக்கு வாங்கறாங்க" என்றார்.

கிளம்பும்போது தோட்டக்காரர் வண்டியருகே வந்தார். "கொட்டாயப் பிரிச்சுட்டேன்னா அங்க போட்டுப் பாக்கலாமா?" என்று கேட்டார். அண்ணன் அக்காவைப் பார்த்தார். அக்கா ரோட்டைப் பார்த்தார்.

திரும்பும் வழியெல்லாம் அண்ணனுக்காக வண்டியை நிறுத்த வேண்டியிருந்தது. ஒன்று குடிக்க, இல்லையென்றால் ஓரமாக ஒதுங்க. மேனேஜர் ஒரு முறைகூட முகம் சுளிக்கவில்லை.

ஆனி மாதம் மேனேஜர் மறுபடியும் வந்தார். கையில் புதுப் பிட்டு. கெங்கவல்லியில் கொட்டகையைப் பிரித்துவிட்டார்கள், மாடுகள் புளிய மரத்தடியில் நிற்கின்றன என்றார். முதல் குழிக்குச் சிமெண்டு போட்டு மூடியாகிவிட்டது. அந்தப் பிட்டும் அடியிலேயே கிடக்கிறது. அண்ணனுக்கும் அக்காவுக்கும் நடுவில் பேச்சு நடந்ததா, சண்டை நடந்ததா, எனக்குத் தெரியாது. இரண்டு நாள் கழித்துக் காலையில் நான் வேலைக்கு வந்தபோது, பட்டறைத் திண்டில் அண்ணனின் செம்பு கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. உலையைப் பற்ற வைத்தேன்.

அன்றைக்கு இரும்பு இழுத்த இழுப்பில் அண்ணன் ஒருமுறை தடுமாறித் தொட்டி விளிம்பில் முழங்காலை இடித்துக்கொண்டார். பழைய தாகத்தைவிட இது பெரியது என்று எனக்குப் பட்டது. பொழுது சாய்ந்ததும் பிட்டைச் சாக்கில் சுற்றி வைத்தோம்.

விடிந்ததும் ரிக் வண்டி வாசலில் வந்து நின்றது. அக்கா வேறு சேலை கட்டிக்கொண்டு, கேனைக் கழுவி எடுத்துக்கொண்டு வந்தார்.

"நீங்க எதுக்குங்க்கா? நான் கொண்டாந்து குடுத்தறேன்" என்றார் மேனேஜர்.

"நீ கொண்டாந்ததத்தான் பாத்தமே சாமி. நவுந்து உக்காரு." ஏறுவதற்கு முன்னால் என்னிடம் திரும்பி, "பஸ்ஸு போனா டம்ளர நீட்டோணும். அவரு வாங்கலீன்னா வாயில ஊத்து" என்றார். ரிக் வண்டியின் படி உயரம், மேனேஜர் கை கொடுத்தார். கேனை மடியில் வைத்துக்கொண்டு முன்சீட்டில் உட்கார்ந்தார். வண்டி சேலம் பக்கம் போனது. கொஞ்ச நேரத்தில் சங்ககிரி பஸ் வந்தது. நான் டம்ளரில் தண்ணீர் மொண்டேன்.